பதினாலு டைல் சொந்த வீடு

புங்கம்பாளையத்தில் வாடகைப் பாத்திரக்கடை நடத்தும் அண்ணன் தம்பி மூன்று பேருக்கும் மூளை கிடையாது என்று ஊரில் சிலர் சொல்வார்கள். அது அபாண்டம். மூன்று பேருக்கும் மூளை இருந்தது. வாடகைக்கு விடுகிற சாமானைத் தாங்களே புழங்கித் தேய்க்கக் கூடாது என்பது அவர்கள் தொழிலில் ஒரு கட்டுப்பாடு. மூளையையும் அந்தக் கணக்கில் சேர்த்து, துடைத்துக் கவிழ்த்து வைத்திருந்தார்கள். யாரும் வாடகைக்குக் கேட்டு வராததால் அது புதுசாகவே இருந்தது.

மூத்தவர் பொன்னுரங்கம். நடுவுள்ளவர் மருதாசலம், கடையில் கணக்குப் பார்ப்பது அவர், அதனால் வீட்டில் அறிவாளி என்று பெயர். கடைசி குப்புராஜ். அவனுக்குக் கேள்வி மட்டும் வரும்.

அவர்களுடைய அப்பா சாகும்போது சொத்தாக மூன்று சென்ட் நிலத்தையும் ஒரு புத்திமதியையும் விட்டுப்போனார். "அடுத்தவன் சாமானத் தொடாதீங்கடா. தொட்டா வாடகை குடுங்க. நெளிஞ்சா வெலையக் குடுங்க." அவருடைய கருமாதிச் சாப்பாட்டுக்குப் பிள்ளைகள் தங்கள் கடையிலிருந்தே அண்டா குண்டா எடுத்தார்கள். வாடகையைக் கடைக்கு ஒழுங்காகக் கட்டினார்கள். திருப்பிக் கொடுக்க ஒரு நாள் தாமதமானதற்குக் கடை அபராதம் கேட்டது. எழவு வீட்டில் அபராதம் கேட்கிறீர்களே என்று இவர்கள் சண்டைக்குப் போனார்கள். ஒரு வாரம் பேச்சுவார்த்தை இல்லை. கடைசியில் கடைக்காரர்கள்தான் விட்டுக்கொடுத்தார்கள்.

பொன்னுரங்கத்துக்கு மட்டும் கல்யாணம் ஆகியிருந்தது. மனைவி பெயர் தமயந்தி. நான்கு பேரும் வாடகை வீட்டில் இருந்தார்கள். குடிவந்த அன்றைக்கே வீட்டுக்கார அம்மாள் மூன்று சங்கதி சொன்னார். பத்து மாச அட்வான்ஸ். அஞ்சாந்தேதிக்குள் வாடகை. சுவரில் ஆணி மட்டும் அடிக்கக் கூடாது.

முதல் இரண்டையும் தமயந்தி பொறுத்துக்கொண்டாள். மூன்றாவதுதான் தாங்கவில்லை. தேதி கிழிக்கிற காலண்டரை அரிசி டிரம்மின் மேல் சாய்த்து வைப்பாள். அது சரிந்து விழும். எடுத்து வைப்பாள். மறுபடி விழும். ஒரு நாள் அது கொதிக்கிற ரசத்தில் விழுந்தது. அன்று ஆடி அமாவாசை என்பதையே அவள் கரண்டியால் எடுத்துத்தான் தெரிந்துகொண்டாள்.

உடனே சுவரில் ஓர் ஆணி அடித்தாள். சத்தம் கேட்டு வீட்டுக்கார அம்மாள் வந்து, தெருவே கூடும்படி பேசினார். தமயந்தி ஆணியைப் பிடுங்கிப் பையில் போட்டாள், சுத்தியலையும் காலண்டரையும் போட்டாள், காங்கேயம் பஸ் ஏறி அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள். ஏறும்போது புருஷனிடம் சொன்னது இவ்வளவுதான்.

"நமக்குன்னு சொந்தமா ஒரு எடம் ஆகட்டுமுங். எத்தனை சிறுசா இருந்தாலுஞ் செரி. அங்க இந்த ஆணிய நாந்தான் அடிக்கோணும். அடிக்கலாம்னா சொல்லியனுப்புங், வர்றேன்."

பொன்னுரங்கம் பஸ் ஸ்டாண்டிலேயே அழுதுவிட்டார். அவள்மேல் அவருக்கு அத்தனை பிரியம். அவள் போனதிலிருந்து அவருக்குச் சோறு தொண்டைக்குள் இறங்கவில்லை. சமைத்தது குப்புராஜ் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

அப்பா விட்டுப்போன மூன்று சென்ட்டில் வீடு கட்டுவது என்று முடிவாயிற்று. கையிலிருந்த காசு முழுக்க அஸ்திவாரத்திலும் போர் போட்டதிலும் மண்ணுக்குள் போய்விட்டது. மண்ணுக்கு மேலே வேண்டியதற்கு மெயின் ரோட்டு பேங்கில் இருபது லட்சம் கடன், இருபது வருஷத் தவணை. வக்கீலுக்கு ஒரு கட்டணம், இடத்தை வந்து பார்த்தவருக்கு ஒரு கட்டணம், காப்பீட்டுக்கு ஒரு தொகை என்று கடன் கைக்கு வருமுன்னே கொஞ்சம் கரைந்தது. நாமளும் ஏத்துக்கூலி எறக்குக்கூலி வாங்குகிறோமே என்று மருதாசலம் அதை நியாயப்படுத்திவிட்டார்.

பேங்க் மேனேஜர் பிரிட்டோ, தூத்துக்குடிக்காரர், நல்ல மனுஷர். அவரிடம் ஒரே ஒரு கெட்ட பழக்கம். எதையும் எதிராளிக்கு விளங்கும்படி சொல்லிவிட வேண்டும் அவருக்கு. வீடு முடிந்து, பால் காய்ச்ச அழைக்கப் போனபோது, அவர் மூவருக்கும் டீ வாங்கிக் கொடுத்து வாழ்த்திவிட்டு, கூடவே இதையும் சொன்னார்.

"ஒண்ணு ஞாபகம் வச்சுக்கிடுங்க. கடன் தீருற வரைக்கும் வீடு பேங்கோடதுதான். நீங்க கட்டுற தவணையில பெரும்பங்கு வட்டிக்குப் போயிரும். மிச்சம் அசலுக்கு எவ்வளவு போகுதோ, வீட்டுல அவ்வளவுதான் உங்களுது."

வேறு யாராக இருந்தாலும் இந்தக் காதில் வாங்கி அந்தக் காதில் விட்டிருப்பார்கள். இவர்கள் பாதி டீயோடு டம்ளரைக் கீழே வைத்தார்கள்.

புது வீட்டு கேட்டின் பக்கத்தில் நின்று மூவரும் ஆலோசனை செய்தார்கள். குப்புராஜ்தான் ஆரம்பித்தான்.

"அப்ப இந்த வீடு ஆருதுங்ணா?"

"பேங்க்காரருது."

"அவிய வீட்டுக்குள்ள பூந்து நாம எப்படீங்ணா பால் காய்ச்சறது?"

அடுத்தவன் அண்டாவைத் தொட்டாலே அப்பா உதைப்பார். இது முழு வீடு. பால் காய்ச்சுவதை நிறுத்தினார்கள். தமயந்திக்கு வீடு தயார், ஆனால் நம்முடையதாக ஆகவில்லை, ஆனவுடன் சொல்கிறேன் என்று தகவல் போனது. வந்திருந்த ஐயர் வெறுங்கையோடு திரும்பினார். மண் தங்களுடையது என்பதால் சகோதரர்கள் வெளியே வெறும் தரையில் அடுப்பு மூட்டினார்கள், அங்கேயே படுத்தார்கள். குளியலறை விஷயத்தைக் கேட்காதீர்கள். பக்கத்துத் தோட்டத்துக்காரர் இன்றைக்கும் அதைப் பற்றிப் பேச மறுக்கிறார்.

முதல் தவணை கட்டியதும் மருதாசலம் கணக்குப் போட்டார். வீட்டின் தரையில் அடிக்கு அடி டைல், மொத்தம் எண்ணூறு. இருபது லட்சத்தை எண்ணூறால் வகுத்தால் ஒரு டைல் இரண்டாயிரத்து ஐந்நூறு. கட்டிய தவணை பதினெட்டாயிரம். அதில் வட்டிக்குப் போனது பதினைந்தாயிரம். ஆனைப் பசிக்குச் சோளப்பொரி மாதிரி மிச்சமிருந்த மூவாயிரம் அசலுக்குப் போயிருந்தது.

"ஒரு டைலு நம்முளுது. மேல கொசுறா ஒரு கீத்து" என்றார் மருதாசலம்.

எந்த டைல் என்பதில் பெரிய வாக்குவாதம். குப்புராஜுக்கு ஃபேனுக்கு நேர் கீழே வேண்டும். ஆனால் ஃபேன் பேங்குடையது, அது சுற்றுகிற காற்றோ வெளியிலிருந்து வந்தது, அது யாருடையது என்ற கேள்வி வந்ததும் அந்த யோசனை நின்றது. பேங்க் டைலை மிதிக்காமல் ஏறுவதற்கு வாசலை ஒட்டினது வேண்டும் என்றார் மருதாசலம். பொன்னுரங்கம் வேறொன்றும் கேட்கவில்லை. வாசலில் தொடங்கி எதிர்ச் சுவரைப் பார்க்க ஒரே வரிசையாகப் போகட்டும் என்றார். சுவரைத் தொடுகிற அன்றைக்குத் தமயந்தி வந்து ஆணி அடிக்கலாம். அதைக் கேட்டதும் தம்பிகள் ஒப்புக்கொண்டார்கள்.

வாடகைக் கடையில் பாத்திரம் மாறிப்போகாமல் இருக்கப் பெயர் வெட்டுவது வழக்கம். அதே மாதிரி மீதி டைல்கள் எல்லாவற்றிலும் சிவப்புப் பெயிண்டால் 'பேங்க்' என்று எழுதினார்கள். எழுதி முடிக்கும்போது ஒரு சிக்கல் வந்தது. பேங்க் டைல் மேல் உட்கார்ந்துதானே எழுதினோம், அதற்கு வாடகை யார் கொடுப்பது என்று குப்புராஜ் கேட்டான். எழுதின கூலிக்கும் உட்கார்ந்த வாடகைக்கும் சரியாகப் போச்சு என்று மருதாசலம் தீர்ப்புச் சொன்னார்.

ஒரு டைலில் மூன்று பேர் நிற்க முடியாது. முறை வைத்துக்கொண்டார்கள். காலையில் அண்ணன், மத்தியானம் மருதாசலம், சாயங்காலம் குப்புராஜ். சொந்த வீட்டில் நிற்கிற சுகமே தனி என்று இறங்கி வந்தவர் மற்றவர்களிடம் சொல்வார்.

மாதாமாதம் ஒரு டைலில் பெயிண்டைச் சுரண்டினார்கள். கொசுறுக் கீற்றுகளும் சேர்ந்து அரை வருஷத்தில் வரிசை ஏழு டைல் நீளம் ஆனது. ஓரடி அகலத்தில் ஒருவர் படுக்கலாம், திரும்பிப் படுக்கக் கூடாது. திரும்பினால் கை பேங்குக்குள் போய்விடும். குப்புராஜ் ஒரு தடவை தூக்கத்தில் புரண்டு பேங்குக்குள் போய்விட்டான். எழுந்ததும் முதல் வேலையாக பேங்குக்குப் போய் மன்னிப்புக் கேட்டுவிட்டு வந்தான். கவுன்டரில் இருந்த பெண் பரவாயில்லை என்று சொன்னதாக வந்து சொன்னான்.

அவினாசியிலிருந்து தாய்மாமா வந்தார். செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு ஹாலில் விறுவிறுவென்று நடந்து ஜன்னலோரம் போய் நின்றார். மூன்று பேரும் வரிசையில் நின்றபடியே பதறினார்கள். மாமா நாற்பது டைல் மிதித்துவிட்டார். தொட்டால் வாடகை. அவரிடமே அதை வசூல் பண்ணி, அவர் கோபித்துக்கொண்டு பஸ் ஏறியபின், பணத்தை பேங்கில் கட்டப் போனார்கள். எந்தக் கணக்கில் கட்டுகிறீர்கள் என்று கேஷியர் கேட்டார். உங்கள் தரையில் எங்கள் மாமா நடந்த கணக்கில் என்றார்கள். அப்படி ஒரு கணக்கு இல்லை என்றார் கேஷியர். ஆரம்பித்துக்கொள்ளுங்கள், மாமாவுக்கு மூன்று தம்பிகள் இருக்கிறார்கள் என்றார் பொன்னுரங்கம்.

ஐப்பசி மழையில் சமையலறைக் கூரை ஒழுகியது. உங்கள் வீடு ஒழுகுகிறது சார் என்று போய் மரியாதையாகச் சொன்னார்கள். பிரிட்டோ அன்று வேலை மும்முரத்தில் இருந்தார். அதை நீங்கள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று சொல்லி அனுப்பிவிட்டார். மழை விடும்வரை மூன்று பேரும் முறை வைத்து, வரிசையில் நின்று கழுத்தை நீட்டி, ஒழுகுவதைப் பார்த்துக்கொண்டார்கள். ஒரு சொட்டையும் விடவில்லை.

அப்புறம் பேங்க் வட்டியை ஏற்றியது. கால் சதவீதம்தான். தவணை அதே தொகை, கட்டவேண்டிய மாதங்கள்தான் கூடும் என்று செய்தி வந்தது. மருதாசலம் கணக்குப் போட்டுப் பார்த்தார். அந்த மாதத்துத் தவணையில் கொசுறு கீற்று போய்விட்டது. சரியாக ஒரு டைல்தான் தேறியது. டைல் எப்படிச் சுருங்கும் என்று குப்புராஜ் கேட்டான். வெயிலில் இரும்பு விரியும், வட்டியில் டைல் சுருங்கும் என்றார் மருதாசலம். அளந்து பார்த்தார்கள், டைல் அதே அளவுதான் இருந்தது. அது பேங்குக்கு விசுவாசமான டைல், வெளியே காட்டிக்கொள்ளாது என்று முடிவுசெய்தார்கள்.

இப்படியாக ஒரு வருஷம் ஆனது. பதினாலாவது டைலில் பெயிண்டைப் பொன்னுரங்கமே சுரண்டினார். வரிசை எதிர்ச் சுவரைத் தொட்டுவிட்டது. அவர் வாசல்வரைக்கும் ஒரே ஓட்டமாக ஓடி, திரும்பச் சுவர்வரைக்கும் ஓடி வந்தார். பிறகு காங்கேயத்துக்குப் போன் போட்டார்.

"தமயந்தி, எட்டிருச்சு. வந்துரு கண்ணு."

தமயந்தி மறுநாளே பட்டுச்சேலையில் வந்து இறங்கினாள். அதே பை, அதே ஆணி, அதே சுத்தியல். காலண்டர் மட்டும் புதுசு. வரிசையை விட்டு இறங்காமல் வரச்சொன்னார்கள். ஏன் என்று கேட்டாள். விஷயத்தைச் சொன்னார்கள். அவளும் நியாயம்தான் என்றாள். அந்தக் குடும்பத்தில் ஏழு வருஷம் இருந்தவள் அல்லவா. சேலையை ஒரு கையில் தூக்கிப் பிடித்துக்கொண்டு, அடிமேல் அடி வைத்து, பதினாலு டைலையும் கடந்து சுவருக்கு முன்னால் நின்றாள். அவள் ஆணியைச் சுவரில் வைத்தாள், சுத்தியலை ஓங்கினாள்.

"அண்ணி" என்றார் மருதாசலம். "தரைதானுங் நம்முளுது. சுவரு பேங்க்காரருது."

ஓங்கிய கை ஓங்கியபடியே நின்றது. ஒரு வருஷம் டைலை எண்ணினாரே தவிர, சுவரைப் பொன்னுரங்கம் நினைத்தே பார்க்கவில்லை.

தமயந்தி மெதுவாகத் தரையில் உட்கார்ந்தாள். உட்காரும்போதும் ஒரு டைலுக்குள் அடங்கித்தான் உட்கார்ந்தாள். மொத்த வீடும் எப்போது நமதாகும் என்று கேட்டாள். இருபது வருஷம், வட்டி ஏறினதில் இன்னும் கொஞ்சம் என்றார்கள். அதுவரைக்கும் கட்டுகிற காசு மொத்தம் எவ்வளவு என்று கேட்டாள். இந்தக் கேள்வியை அதுவரை யாரும் கேட்கவில்லை. மருதாசலம் சாக்பீஸ் எடுத்து, பேங்க் டைலில் படாமல் சொந்த டைலிலேயே பெருக்கினார். ஒரு டைல் போதவில்லை. பூஜ்யங்களை அடுத்த டைலில் எழுதினார்.

"நாப்பத்திமூணு லட்சமுங். வட்டி ஏறுனதச் சேக்காம."

"வீட்டு வெல இருபதுங்களே. இது எத்தன வீட்டுக் காசு?"

"ரெண்டு வீடு. மேல ஒரு மூணு லட்சம் நிக்குது."

"நிக்கறது நிக்கட்டுமுங். அந்த ரெண்டாவது வீடு எங்கீங்?"

குப்புராஜ் வெளியே இறங்கி வீட்டைச் சுற்றிப் பின்பக்கம்வரைக்கும் போய்ப் பார்த்துவிட்டு வந்தான். இல்லை என்று தலையாட்டினான்.

தமயந்தி எழுந்து ஆணியைப் பையில் போட்டாள். அவளுக்குக் கோபம் இல்லை, அலுப்புத்தான். அந்த ரெண்டாவது வீட்டைக் கண்டுபிடித்தால் சொல்லியனுப்புங்கள், அதிலாவது சுவர் நம்முடையதாக இருக்கிறதா பார்க்கலாம் என்றாள். பதினாலு டைலையும் திரும்ப நடந்து வாசலைத் தாண்டிப் போனாள். பொன்னுரங்கம் அவள் உட்கார்ந்திருந்த டைலிலேயே அன்று முழுக்க நின்றார்.

மறுநாள் பேங்க் திறந்ததும் மூவரும் மேனேஜர் அறையில் இருந்தார்கள். பொன்னுரங்கம் கைகூப்பிக்கொண்டு, இரண்டு வீட்டுக் காசு வாங்கிக்கொள்கிறீர்கள், இன்னொரு வீட்டின் சாவியைக் கொடுத்தால் புண்ணியமாகப் போகும், என் சம்சாரம் காங்கேயத்தில் இருக்கிறாள் என்றார்.

பிரிட்டோவுக்கு மனசு இளகிவிட்டது. நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு விளக்க ஆரம்பித்தார். வட்டி என்பது காசுக்கு வாடகை என்றார். அது அவர்களுக்குச் சட்டென்று புரிந்தது; அண்டாவுக்கு வாடகை இருந்தால் காசுக்கும் இருக்கத்தானே வேண்டும். இருபது வருஷம் அண்டாவைத் திருப்பித் தராமல் வைத்திருந்தால் அண்டா விலையைவிட வாடகை கூடத்தானே வரும் என்றார். வரும் வரும் என்று மூவரும் தலையாட்டினார்கள். ஆரம்பத்தில் அசல் பெரிசாக இருப்பதால் வாடகையும் பெரிசு, கையில் காசு சேர்கிறபோதெல்லாம் அசலில் கொஞ்சம் கூடுதலாகக் கட்டினால் வருஷமும் குறையும் வட்டியும் குறையும் என்றார். அதற்கும் தலையாட்டினார்கள். அங்கேயே அவர் நிறுத்தியிருந்தால் இந்தக் கதையே இல்லை.

ஆனால் பொன்னுரங்கத்தின் கண்ணில் தண்ணீர் நிற்பதைப் பார்த்தார். ஆறுதலாக இன்னும் ஒரு வார்த்தை சொல்லத் தோன்றியது.

"வட்டி வீணாப் போகுதேன்னு நினைக்காதீங்க. உங்க மாதிரி ஆளுங்க கட்டுற வட்டியிலதான் இந்தக் கிளையே நிக்குது. இந்தத் தரை, இந்தச் சுவரு, ஏசி, நான் உக்காந்திருக்கிற நாற்காலி, எல்லாம் உங்க காசுதான்."

மூவரும் எழுந்து, மிகவும் நன்றி சொல்லி, மெதுவாக வெளியே வந்தார்கள். வாசல் படியில் நின்று ஆலோசனை நடந்தது.

"நாம கட்டுன காசுல அசலு போன எடம் எது?" என்றார் மருதாசலம்.

"நம்ம வீடு. பதினாலு டைலு" என்றான் குப்புராஜ்.

"வட்டி போன எடம்?"

குப்புராஜ் திரும்பி, கண்ணாடிக் கதவு வழியாக பேங்கைப் பார்த்தான். மருதாசலம் விரல்விட்டு எண்ணினார். அதே இரண்டாயிரத்து ஐந்நூறு விலையில், ஒரு வருஷத்து வட்டிக்கு எழுபத்திரண்டு டைல் வந்தது. வீட்டில் பதினாலு, இங்கே எழுபத்திரண்டு. கையில் வெண்ணெயை வைத்துக்கொண்டு நெய்க்கு அலைந்திருக்கிறோம் என்று அவர் நெற்றியில் அடித்துக்கொண்டார். இங்கே உள்ள டைல் ஒவ்வொன்றும் இரண்டடிக்கு இரண்டடி இருக்கிறதே என்று குப்புராஜ் கேட்டான். டைலுக்கு டைல்தான் கணக்கு, அடி பார்ப்பது மரியாதையில்லை என்றார் மருதாசலம்.

பொன்னுரங்கத்துக்கு ஒரே ஒரு சந்தேகம்தான் இருந்தது.

"சுவரு?"

"சுவருஞ் சேத்தித்தானுங்ணா சொன்னாரு. அவரு வாயாலயே சொன்னாரு."

பொன்னுரங்கம் அந்தப் படியிலேயே உட்கார்ந்து காங்கேயத்துக்குப் போன் போட்டார். ரெண்டாவது வீடு கிடைத்துவிட்டது, மெயின் ரோட்டில், ஏசியோடு, சுவரோடு என்று சொன்னார். அந்தப் பக்கத்தில் தமயந்தி மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது.

அடுத்த வளர்பிறையில் நல்ல முகூர்த்தம், காலை பத்தரைக்கு மேல். அது பேங்க்குக்கும் வசதியான நேரமாக அமைந்தது. காவல்காரருக்குத் தேங்காய் பழத்தோடு பத்திரிகை வைத்துவிட்டு, தமயந்தியோடு உள்ளே போனார்கள். மருதாசலம் சாக்பீஸால் கோடு கிழித்தார். மேனேஜர் அறை முழுக்க உள்ளே வந்தது, ஏசி வந்தது, முன்னால் சலான் எழுதுகிற மேசையும் வந்தது. பிரிட்டோ பின்பக்கம் பெட்டக அறையில் இருந்தார்.

கடையிலிருந்து கொண்டுவந்த அடுப்பையும் பித்தளைப் பானையையும், வாடகை கட்டின ரசீதோடு, சலான் மேசைப் பக்கத்தில் வைத்தார்கள். தமயந்தி பால் ஊற்றினாள். அது பொங்குகிறபோது நகைக்கடன் வரிசையில் நின்ற பெண்கள் எல்லோரும் சேர்ந்து குலவையிட்டார்கள். எதற்கென்று அவர்களுக்குத் தெரியாது, பால் பொங்கினால் குலவை போட வேண்டும், அவ்வளவுதான். குப்புராஜ் வரிசையில் நின்றவர்களுக்கெல்லாம் டோக்கன் நம்பர்படி பால் கொடுத்தான்.

பிறகு தமயந்தி மேனேஜர் அறைக்குள் போனாள். இந்தத் தடவை அவள் சேலையைத் தூக்கிப் பிடிக்கவில்லை. கையை வீசிக்கொண்டு, இஷ்டப்பட்ட டைலையெல்லாம் மிதித்துக்கொண்டு நடந்தாள். அதைப் பார்த்தே பொன்னுரங்கத்துக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. அவள் மேனேஜர் நாற்காலிக்கு நேர் பின்னால் நல்ல இடமாகப் பார்த்து, ஆணியை வைத்து, சுத்தியலால் மூன்று போடு போட்டாள். காரை கொஞ்சம் உதிர்ந்தது. காலண்டரை மாட்டினாள். அது விழவில்லை. தள்ளி நின்று பார்த்தாள். அப்போதும் விழவில்லை. பொன்னுரங்கம் வேட்டி நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

சத்தம் கேட்டு பிரிட்டோ ஓடி வந்தார். பானையைப் பார்த்தார், கோட்டைப் பார்த்தார், தன் நாற்காலிக்கு மேலே தொங்குகிற காலண்டரைப் பார்த்தார்.

"எம்மா, இதென்ன? இங்க சுவத்துல ஆணியெல்லாம் அடிக்கக் கூடாதும்மா."

அந்த வார்த்தையைத் தமயந்தி ஏழு வருஷம் கேட்டிருக்கிறாள். பொன்னுரங்கம் பயந்துபோய் அவள் முகத்தைப் பார்த்தார். அவளோ ஒரு டம்ளர் பாலை எடுத்து மேனேஜர் கையில் கொடுத்து, அவருடைய நாற்காலியிலேயே அவரை உட்காரச் சொன்னாள். அவளுக்கு அவரைப் பார்க்கப் பாவமாக இருந்தது. இடம் இல்லாதவர்களின் கஷ்டம் அவளுக்குத் தெரியும்.

"பயப்படாதீங் சார். உங்களக் காலி பண்ணச் சொல்ல மாட்டோம். நீங்க பாட்டுக்கு இருந்துக்கோங். பத்து மாச அட்வான்ஸ், அஞ்சாந்தேதிக்குள்ள வாடகை. ஒண்ணே ஒண்ணுதானுங்" என்று சுத்தியலைப் பைக்குள் பத்திரமாகப் போட்டுக்கொண்டாள். "சுவத்துல ஆணி மட்டும் அடிக்கக் கூடாது."